ரோஸ் கலர் வீட்டுக்கு மண் பூசியது

ஒரு நல்ல வீட்டைப் பாழடைந்த வீடாக மாற்ற எனக்கு ஒன்பது நாள் ஆனது. அதைத் திரும்ப நல்ல வீடாக்கக் கிடைத்தது மூன்று மணி நேரம். அந்த மூன்று மணி நேரத்தை நினைத்தால் இப்போதும் எனக்கு உள்ளங்கை வியர்க்கிறது.

நான் படம் எடுப்பவள். தியேட்டரில் நீங்கள் பார்த்திருக்கும் படம் எதுவும் என்னுடையது இல்லை, ஆகையால் யோசிக்க வேண்டாம். சென்னையில் உட்கார்ந்து புத்தக அட்டை, ஊறுகாய் பாட்டில் லேபிள், கல்யாணப் பத்திரிகை என்று வடிவமைப்பது பிழைப்பு. மிச்ச நேரத்தில் எழுதுகிறேன். இரண்டு மூன்று வருடத்துக்கு ஒருமுறை, எழுதியதில் ஒன்றை நானே படமாக எடுக்கிறேன். கதை, வசனம், கலை, இயக்கம் என்று டைட்டிலில் என் பெயரே வரிசையாக வரும். பார்ப்பவர்கள் தற்பெருமை என்பார்கள். ஆள் வைக்க வழியில்லை என்பதுதான் நிஜம். இன்னொன்றும் நிஜம்: அடுத்தவர் செய்தால் எனக்குப் பிடிக்காது. ஒரு சொம்பு எந்தப் பக்கம் பார்த்து உட்கார வேண்டும் என்பதற்கே அரை மணி நேரம் சண்டை போடுகிற ஜென்மம் நான். "நீயே நடிச்சும் காட்டிரு தாயே, நாங்க ஊருக்குப் போறோம்" என்று எங்கள் கேமராமேன் வாரத்துக்கு ஒரு தடவையாவது கும்பிடுவான்.

நான் பிறந்தது கொல்லிமலைக்குக் கீழே, அடிவாரத்து ஊரில். வெள்ளாமைக் குடும்பம். அதனால் மலையைப் பற்றி எல்லாம் தெரியும் என்ற நினைப்பு எனக்கு நிறைய உண்டு. படத்தின் கதையும் மலையில்தான் நடக்கிறது. ஒரு பெண் தன்னந்தனியாக ஒரு மண் வீட்டில் இருக்கிறாள். எல்லோரும் அவளை வெளியே கூப்பிடுகிறார்கள், அவள் வர மறுக்கிறாள். அவ்வளவுதான் கதை.

மலையில் மண் வீடே இல்லையா என்றால், இருக்கிறது. ஆனால் நான் பார்த்த மண் வீடெல்லாம் ரோட்டை விட்டு இறங்கி ஒற்றையடிப் பாதையில் நடக்க வேண்டிய இடத்தில் இருந்தன. விளக்கையும் பேட்டரியையும் தூக்கிக்கொண்டு யார் நடப்பது? நடிக்க வந்தவளுக்குக் கழிப்பறை வேண்டும். எனக்கு மணிக்கு ஒரு டீ வேண்டும். கடைசியில், சில ஊர்கள் சேர்ந்ததை நாடு என்று சொல்லும் அந்த மலையில், திண்ணனூர் நாட்டில் ரோட்டோரமாகவே ஒரு வீட்டைப் பிடித்தேன். பின்னால் மரவள்ளிக் காடு, அதற்குக் கீழே சில்வர் ஓக் மரங்களில் மிளகுக் கொடி, காலையில் பள்ளத்திலிருந்து ஏறி வரும் பனி. எல்லாம் நான் எழுதினபடியே இருந்தது. வீடு ஒன்றுதான் இடித்தது. அது பளபளவென்று ரோஸ் கலரில் இருந்தது. ஜன்னலுக்குப் பச்சை பார்டர். வாசற்படிக்கு டைல்ஸ். மொட்டை மாடியில் டிஷ்.

அதனால் என்ன, மாற்றிவிடலாம் என்றேன். கலை இயக்குநர் யார்? நான்தானே.

வீட்டுக்கார அக்காவுக்கு நாற்பத்தைந்து வயதிருக்கும். நான் சொன்னதைக் கேட்டு முதலில் சிரித்தார்.

"ஏனுங்கம்மிணி, மண்ணு ஊட்டுலருந்து இப்பத்தான் ரெண்டு வருசமா வெளிய வந்து ஒக்காந்திருக்கறோம். மறுபடியும் உள்ள போகச் சொல்றீங்களே! இந்தக் கலருக்காக நான் ரெண்டு தடவ மலையெறங்கி சேந்தமங்கலம் போயிட்டு வந்தேன், தெரியுங்களா?"

"சுவத்து மேல படவே படாதுக்கா. சாக்கைக் கட்டி, அந்தச் சாக்கு மேலதான் மண்ணு பூசுவோம். முடிஞ்சதும் சாக்கை உருவிட்டா உங்க ஊடு உங்களுக்கு. சத்தியமா."

அவருடைய புருஷன், "சினிமான்னா அப்படித்தான் இருக்கும், பூசிட்டுப் போறாங்க உடு" என்றார். அக்கா ஒரே ஒரு நிபந்தனை போட்டார். அன்றிலிருந்து மூன்றாவது புதன்கிழமை, வளப்பூர் நாட்டிலிருந்து அவருடைய மகளைப் பெண் பார்க்க வருகிறார்கள். அதற்குள் வீடு பழையபடி இருக்க வேண்டும். அதற்கு முந்தின நாளே இருக்கும் என்று அடித்துச் சொன்னேன்.

பிறகு வேலையில் இறங்கினேன். கோணிச் சாக்கைப் பிரித்துச் சுவரில் இழுத்துக் கட்டினேன். செம்மண்ணில் உமியைக் கலந்து குழைத்துப் பூசினேன். ஐப்பசி மழைக்குக் கரையாமல் இருக்க, மர வேலைக்குப் போடுவார்களே வெள்ளைப் பசை, அதைத் தாராளமாகச் சேர்த்தேன். முன்னால் மூங்கில் நட்டுத் தாழ்வாரம் இறக்கி, புல் வேய்ந்து, மொட்டை மாடியே தெரியாமல் மறைத்தேன். டிஷ்ஷைக் கழற்றினேன். டீத்தூளைக் கொதிக்க வைத்து அந்தத் தண்ணீரைச் சுவரில் வழிய விட்டு, வருஷக்கணக்கில் மழை ஒழுகின மாதிரி கறை வரவைத்தேன். அடுப்புக் கரியை அரைத்து நிலைக்கு மேலே புகை படிய வைத்தேன். அந்தக் கரியை ஊதி ஊதிப் பூசியதில் மூன்று நாள் என் சளியெல்லாம் கறுப்பாக வந்தது.

வாசக்காலுக்கு இடது பக்கம் வந்தபோது சாக்கு தீர்ந்துபோனது. இன்னும் ஒரு ஆள் உயரம், இரண்டு கை அகலம் பாக்கி. சாக்கு வாங்க சோளக்காடு ஊருக்குப் போய் வர அரை நாள் ஆகும். வெயில் வேறு அன்றைக்குத்தான் அடித்தது. சட்டென்று ஒரு முடிவெடுத்தேன். அந்த இடத்தில் நேராக ரோஸ் பெயின்ட் மேலேயே மண்ணை அப்பிவிட்டேன். அக்கா அப்போது மரவள்ளிக் காட்டில் இருந்தார். நான் சொல்லவில்லை. பிறகு சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தேன். என் வாழ்க்கையில் நான் பட்ட கஷ்டத்தில் முக்கால்வாசி இந்தப் 'பிறகு சொல்லிக்கொள்ளலாம்' கொண்டு வந்ததுதான்.

ஒன்பதாம் நாள் அந்தப் பக்கமாக வந்த பஸ் வீட்டுக்கு முன்னால் நின்றே விட்டது. கண்டக்டர் தலையை நீட்டி, "ஏனுங்க, இந்த ஊட்டுக்கு என்னுங்க ஆச்சு? நல்லாத்தானே இருந்தாங்க?" என்று பதறிப்போய்க் கேட்டார். எனக்குத் தலைகால் புரியவில்லை. அந்தப் பாராட்டை அன்றைக்கே பத்துப் பேருக்காவது சொல்லியிருப்பேன்.

ஷூட்டிங் தொடங்கி மூன்றாம் நாள், செவ்வாய்க்கிழமை, விடியும்போதே மழை பிடித்துக்கொண்டது. நாங்கள் ஐந்து பேரும் செம்மேட்டில் எடுத்திருந்த ரூமிலேயே முடங்கிக் கிடந்தோம். சுவர் கரைந்து ஓடியிருக்கும் என்று எனக்குச் சோறு இறங்கவில்லை. புதன்கிழமை காலையில் போய்ப் பார்த்தால் சுவர் அப்படியே நிற்கிறது! ஒரு விரிசல் இல்லை. "பாத்தியாடா என் பசைய! கலைன்னா இதுதான்" என்று கேமராமேனைப் பிடித்து உலுக்கினேன். அவன் கும்பிட்டான்.

அப்படியே சனிக்கிழமை வரை ஓடியது. இன்னும் இரண்டு நாள் வேலை பாக்கி. அதில்தான் படத்தின் கடைசிக் காட்சி. அந்தப் பெண் கதவைப் பூட்டிக்கொண்டு வெளியே வருவாள், சுவரைத் தடவுவாள், மறுபடியும் பூட்டைத் திறந்து உள்ளே போவாள். இந்த ஒரு காட்சிக்காகத்தான் படத்தையே எழுதினேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணிக்கு நாங்கள் வண்டியை விட்டு இறங்கினால், அக்கா வாசலில் தலையில் கை வைத்து உட்கார்ந்திருந்தார். மேலே வளைவில்தான் அங்கே போனுக்கு சிக்னல் கிடைக்கும். அவருடைய புருஷன் அங்கே போயிருந்தபோது தகவல் வந்திருக்கிறது. மாப்பிள்ளையின் தாய்மாமன் மறுநாள் கேரளாவுக்கு வேலைக்குக் கிளம்புகிறாராம். அவர் இல்லாமல் பெண் பார்ப்பது முறையில்லை. அதனால் புதன்கிழமைக்குக் காத்திருக்காமல் இன்றைக்கே வருகிறார்கள். பதினோரு மணி பஸ்ஸில்.

அப்போது என் வாயிலிருந்து வந்த முதல் வார்த்தையை எழுதவே கூசுகிறது. ஆனாலும் எழுதித்தான் ஆக வேண்டும்.

"அக்கா, ஒரே ஒரு ஷாட்டு மட்டும் எடுத்துக்கட்டுமா? அரை மணி நேரம்."

அக்கா திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"அம்மிணி, உங்க படத்த இன்னொரு ஊட்டுல எடுத்துக்கலாம். எம்புள்ளைக்கு இந்தச் சம்பந்தம் தப்பிப் போச்சுன்னா நான் யாரு ஊட்டுல போயிக் கேக்கட்டும்?"

நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது. நான் ஏதோ உளறிக்கொண்டு நிற்கும்போது அந்த மகள் வந்து, "டைரக்டர் அக்கா, சித்த வாங்க" என்று என் கையைப் பிடித்துப் பின்பக்கம் இழுத்துக்கொண்டு போனாள். இருபத்து நான்கு வயது. நாமக்கல்லில் நர்சிங் படித்தவள். இரண்டு வாரமாக எங்களுக்கு டீ கொண்டு வந்து கொடுத்துக்கொண்டு, நான் கத்துவதைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு இருந்தவள். இப்போது சிரிப்பு இல்லை.

"அக்கா, உங்ககிட்ட மட்டும் சொல்றேன். அவரும் நானும் ரெண்டு வருசமாப் பேசிக்கிட்டிருக்கறோம். ஒரே பஸ்லதான் கீழ போவோம், வருவோம். நாங்களே ஆளு உட்டு, அவங்க ஊட்டுலருந்து கேக்கற மாதிரி பண்ணியிருக்கறோம். எங்கம்மாவுக்கும் தெரியாது, அவங்கம்மாவுக்கும் தெரியாது."

"அப்புறம் என்ன பயம்? அவருதான் உன்னைக் கட்டிக்கறேங்கறாரே."

"அவங்கம்மா வேண்டான்னு ஒரு வார்த்தை சொன்னாப் போதுங்க. அவரு மீற மாட்டாரு. அப்பா இல்லாம ஒத்தையா வளத்த அம்மா. நானும் மீறி வாங்கன்னு கேக்க மாட்டேன்." சொல்லிவிட்டு முன்பக்கச் சுவரைக் கையால் காட்டினாள். "நீங்களே சொல்லுங்க, இந்த ஊட்டப் பாத்தா எந்த அம்மாவாவது பொண்ணு எடுப்பாங்களா?"

நான் டீத்தூள் தண்ணீர் ஊற்றிக் கறை வரவைத்தபோது, அது ஒரு பெண்ணின் கல்யாணத்தின் மேல் வழியும் என்று சத்தியமாக நினைக்கவில்லை.

"பிரிங்கடா" என்று கத்திக்கொண்டே முன்னால் ஓடினேன்.

என் ஒன்பது நாள் உழைப்பு பிரிந்ததை நின்று பார்க்கக்கூட நேரமில்லை. கேமராமேனும் டிரைவரும் தாழ்வாரத்தைச் சாய்த்தார்கள். புல்லைக் கட்டுக் கட்டாக மரவள்ளிக் காட்டுக்குள் தள்ளினோம். சாக்கை உருவ உருவ உள்ளேயிருந்து ரோஸ் கலர் வந்தது. நடிக்க வந்த பெண் மேக்கப்போடு, கிழிந்த சேலையோடு, டைல்ஸ் படியை உட்கார்ந்து தேய்த்தாள். சவுண்டுக்காரர் மேலே ஏறி டிஷ்ஷை மாட்டினார். அக்காவின் புருஷன் குடம் குடமாகத் தண்ணீர் கொண்டு வந்து ஊற்றினார். ஒன்பதரைக்கெல்லாம் முக்கால் வீடு வெளியே வந்துவிட்டது. அக்காவின் முகத்தில்கூடக் கொஞ்சம் தெளிவு தெரிந்தது.

வாசக்காலுக்கு இடது பக்கம் மட்டும் வரவில்லை.

தண்ணீரை ஊற்றினோம். சுடுதண்ணீரை ஊற்றினோம். கம்பி பிரஷ்ஷால் தேய்த்தேன். மண் கொஞ்சம் உதிர்ந்தது, கூடவே பெயின்ட்டும் உரிந்துகொண்டு வந்தது, அதற்குக் கீழே சிமென்ட் தெரிந்தது. பசை அப்படிப் பிடித்திருந்தது. அக்கா பக்கத்தில் வந்து நின்றார்.

"இந்த எடத்துல சாக்கு எங்கீங்க?"

"இங்க சாக்கு இல்லக்கா. தீந்து போச்சு. நேரா பூசிட்டேன்."

"அப்ப சத்தியம்னு சொன்னீங்களே."

அக்கா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். அந்த நிமிஷம் எனக்கு என் மேல் வந்த ஆத்திரத்தில் பிரஷ்ஷைத் தூக்கி எறிந்தேன். பிறகு நானே போய் எடுத்துக்கொண்டு வந்தேன், தேய்க்க வேறு ஆள் இல்லை.

பத்தே முக்கால். இனிமேல் கழுவி ஆகாது, மறைத்துத்தான் ஆக வேண்டும். கட்டிலைச் சாத்தி வைத்தால் யாரோ சீக்காளி வீடு மாதிரி இருந்தது. போர்வையைத் தொங்கவிட்டால் அதைவிடச் சந்தேகமாக இருந்தது. எங்கள் சவுண்டுக்காரர் நல்ல ஆகிருதியான ஆள். அவரைப் பிடித்து அந்த இடத்தில் நிற்கவைத்தேன். "அண்ணா, பூமியே பொளந்தாலும் நகரக் கூடாது" என்றேன். அவர் தலையாட்டினார்.

பஸ் வந்தது. மூன்று பேர் இறங்கினார்கள். முன்னால் தாய்மாமன், கடைசியில் மாப்பிள்ளை, நடுவில் அவனுடைய அம்மா. ஒல்லியான அம்மா, ஐம்பது வயதுக்கு மேல். கையில் வெற்றிலை பாக்கு வைத்த பை. ரோட்டிலேயே நின்று வீட்டை ஏற இறங்கப் பார்த்தார். திரும்பி, எதிர்ப்பக்கம் நின்ற பலா மரத்தைப் பார்த்தார். மறுபடியும் வீட்டைப் பார்த்தார். தன் அண்ணனிடம் ஏதோ கேட்டார். அவர் இந்த வீடுதான் என்பதுபோலத் தலையாட்டினார். அந்த அம்மா படியேறி வந்தபோது, நம் சவுண்டுக்காரர் மரியாதை தெரிந்த மனிதராயிற்றே, "வாங்கம்மா வாங்க" என்று கைகூப்பிக்கொண்டு இரண்டடி விலகி வழி விட்டார்.

போச்சுடா என்று நினைத்தேன். பழுப்பும் சிமென்ட்டுமாக, சொறி பிடித்த மாதிரி, அந்த இடம் முழுசாகத் தெரிந்தது. அந்த அம்மா நின்று அதைப் பார்த்தார். பிறகு உள்ளே போனார்.

எங்களை யாரும் உள்ளே கூப்பிடவில்லை. கூப்பிடாமலேயே நான் கதவோரம் போய் நின்றுகொண்டேன். பிளாஸ்டிக் நாற்காலியில் நுனியில் உட்கார்ந்திருந்தார் அந்த அம்மா. தரை டைல்ஸைப் பார்த்தார். டிவியைப் பார்த்தார். கொடுத்த முறுக்கைத் தொடவில்லை. அக்காவும் அவருடைய புருஷனும் மழையைப் பற்றியும் மிளகைப் பற்றியும் மாற்றி மாற்றிப் பேசினார்கள். தாய்மாமன்தான் பதில் சொன்னார். மாப்பிள்ளை தன் கால் கட்டை விரலையே பார்த்துக்கொண்டிருந்தான். கொஞ்ச நேரத்தில் அந்த அம்மா அண்ணன் பக்கம் சாய்ந்து மெதுவாகச் சொன்னது என் காதில் விழுந்தது.

"இது நமக்கு ஒத்து வராதுண்ணா. பொண்ண வரச் சொல்றதுக்கு முந்தியே கெளம்பிரலாம். பாத்துட்டு வேண்டான்னா அந்தப் புள்ளைக்குப் பாவம்."

வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்க எனக்கு என்றைக்குத் தெரிந்திருக்கிறது? உள்ளே போய் அவருக்கு எதிரே நின்றேன். முழங்கை வரைக்கும் சேறு.

"அம்மா, தப்பு என்னோடதுங்க. இவங்க மேல ஒண்ணுமில்ல. நான் படம் எடுக்கறேனுங்க. அந்தச் செவுத்துல மண்ணப் பூசினது நான்தான். இது நல்ல ஊடுங்க. கட்டி ரெண்டு வருசந்தான் ஆச்சு. முழுக்க சிமெண்டு. உள்ள பாருங்க, எல்லா ரூமுக்கும் டைல்ஸ். பாத்ரூம் உள்ளயே இருக்குது. பின்னால தண்ணி டேங்க்கு. அந்த ஒரு எடத்துக்கு நானே நாளைக்கிப் பெயிண்டு அடிச்சுக் குடுத்தர்றேன், புத்தம் புதுசா ஆயிரும்..."

நான் சொல்லச் சொல்ல அந்த அம்மாவின் முகம் சுண்டிக்கொண்டே போனது. டைல்ஸ் என்றதும் கொஞ்சம். பாத்ரூம் என்றதும் இன்னும் கொஞ்சம். தண்ணீர் டேங்க் என்றதும் எழுந்தே விட்டார். வீட்டை விற்கிற புரோக்கர் மாதிரி பேசி, நானே காரியத்தைக் கெடுத்துவிட்டேன் என்பது மட்டும் தெரிந்தது. ஏன் என்று தெரியவில்லை.

"அதானுங்கம்மிணி எனக்குப் பயமா இருக்குது" என்றார் அந்த அம்மா. குரலில் கோபம் இல்லை. "நான் போன செவ்வாக்கெழமை சந்தைக்குப் போறப்ப, யாருகிட்டயும் சொல்லாம இங்க எறங்கி ஊட்டப் பாத்துட்டுப் போனனுங்க. பொண்ணு எடுக்கற எடமாச்சே. பலா மரத்துக்கு எதுத்தாப்பலன்னு சொல்லியிருந்தாங்க. வந்து பாத்தா மண்ணு ஊடு. மழ ஊத்துது. ஒரு புள்ள ஒத்தையா நின்னு, கரைஞ்சு எறங்கற செவுத்துக்கு மண்ணு குழைச்சுப் பூசிக்கிட்டிருக்குது. கோணிய தலையில போட்டுக்கிட்டு. அதப் பாத்துட்டுத்தானுங்க எம்மனசு நெறஞ்சுது. எங்களுது மண்ணு ஊடு. பஸ்ஸ உட்டு எறங்கி ஒரு மைல் நடக்கோணும். இந்தப் புள்ள நம்ம ஊட்டுக்கு வந்தா மூஞ்சி சுளிக்காதுன்னு நெனச்சேன். இப்ப வந்து பாத்தா மாளிகையாட்டம் நிக்குது. இந்த ஊட்டுல இருந்த புள்ள எங்க ஊட்டுல வந்து எப்புடி இருக்கும்? நாளைக்கி அது கண்ணுல தண்ணி வெச்சா, நான் பாத்துக்கிட்டு இருக்க முடியுங்களா?"

நான் அந்தச் செவ்வாய்க்கிழமையை நினைத்துப் பார்த்தேன். செம்மேட்டு ரூமில் போர்வைக்குள் நான். மறுநாள் என் பசையைப் பற்றி நான் அடித்த தம்பட்டம். எனக்கு இரண்டு காதும் சூடாகிவிட்டது.

அடுக்களையிலிருந்து அந்தப் பெண் வெளியே வந்தாள். காபித் தட்டு கையில் இல்லை. யாரும் கூப்பிடவும் இல்லை. அவளுடைய அம்மா கண்ணால் உள்ளே போகச் சொன்னார். அவள் போகவில்லை.

"கொடை புடிச்சுக்கிட்டு ரோட்டுல நின்னது நீங்கதானுங்களா? நனையாதீங்க, உள்ள வாங்கன்னு கூப்பிட்டனே, வேண்டான்னு போயிட்டீங்களே."

அந்த அம்மா அவளைப் பார்த்தார். "நாந்தான் கண்ணு. அது நீதானா? இவங்க படத்துக்குப் பூசின மண்ணுன்னா, மழையில நின்னு நீ எதுக்குச் சாமி அதப் பூசிக்கிட்டிருந்தே?"

"இந்த அக்கா ஒம்போது நாளு சோறு தண்ணி இல்லாமப் பூசினாங்க. மறுநாள் வந்து பாத்து அழுவாங்கன்னு தோணுச்சு. எனக்கு மண்ணு பூசத் தெரியும். அதான் பூசினேன்." மாப்பிள்ளை இப்போதுதான் தலையைத் தூக்கி அவளைப் பார்த்தான். "பெயிண்டு அடிச்சு ரெண்டு வருசந்தானுங்க ஆச்சு. அதுக்கு முந்தி இருவத்திரெண்டு வருசம் இதே எடத்துல மண்ணு ஊட்டுலதான் இருந்தேன். எங்கம்மா பூசும், நான் குழைச்சுக் குடுப்பேன். வெயில் காலத்துல இந்த ஊட்ட விட அந்த ஊடுதானுங்க நல்லாருந்துச்சு. நான் மூஞ்சி சுளிக்க மாட்டனுங்க."

ஒரு பெண், பெண் பார்க்க வந்தவர்களிடம் இப்படி நேருக்கு நேர் பேசி நான் பார்த்ததில்லை. நான் எழுதிய வசனத்தில்கூட இல்லை. அக்கா சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு நின்றார்.

அந்த அம்மா அவளுடைய கையைப் பிடித்துத் திருப்பி, உள்ளங்கையைப் பார்த்தார். விட்டுவிட்டு, மறுபடியும் நாற்காலியில் உட்கார்ந்தார். இந்தத் தடவை நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்தார். முறுக்கில் ஒன்றை எடுத்து உடைத்தார்.

பிறகு என்ன நினைத்தாரோ, என்னைப் பார்த்துத் திரும்பினார்.

"ஏனுங்கம்மிணி, உங்க படம் முடிஞ்சுதுங்களா?"

"இல்லீங்க. ரெண்டு நாள் வேலை பாக்கி இருக்குதுங்க."

"மண்ணையெல்லாம் கழுவிப்போட்டீங்களே, இனி எப்படி எடுப்பீங்க?"

"தெரியலீங்க." உண்மையாகவே தெரியவில்லை. அதைப் பற்றி நினைக்கவும் இல்லை. நான் அந்தப் பெண்ணின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"எங்க ஊட்டுல வந்து எடுத்துக்கோங்க. அங்க ஒண்ணும் ஒட்ட வேண்டாம், கழுவவும் வேண்டாம். ஆனா கார்த்திகை முடியறதுக்குள்ள வந்துருங்க." முறுக்கை மென்று முடித்துவிட்டு அக்காவின் பக்கம் திரும்பினார். "தை பொறந்தா செவுத்துக்குப் பெயிண்டு அடிக்கோணும். மருமவ வர்ற ஊடு, அப்புடியே உட முடியுங்களா?"

"அப்பாடா!" என்று யாரோ சத்தமாகச் சொன்னார்கள். எல்லோரும் திரும்பி என்னைப் பார்த்தார்கள்.